பாதியில் நின்ற கோப்புக்கு முழுப் பெயர் வைக்காதீர்கள்

போன வாரம் எதிர்வீட்டுப் பெண் கண்கலங்கி வந்து நின்றாள். கல்வி உதவித்தொகைக்காக ஏற்றிய வருமானச் சான்றிதழ் திறக்கவில்லை என்று விண்ணப்பம் திரும்பிவிட்டதாம். மறுநாள் கடைசித் தேதி.

மடிக்கணினியைப் பார்த்தேன். டவுன்லோடு பாதியில் நின்றதால் கோப்பின் பெயர் 'சிஆர்டவுன்லோடு' என்று முடிந்திருக்கிறது. யாரோ விவரம் தெரிந்தவர் அந்த வாலை எடுத்துவிட்டு 'பிடிஎஃப்' என்று மாற்றிக் கொடுத்திருக்கிறார். பெயரை மாற்றினால் பாதி முழுசாகிவிடுமா?

நடப்பது இதுதான். சர்வரிலிருந்து கோப்பு ஒரே மூட்டையாக வராது. துண்டு துண்டாகத்தான் வரும். வர வர பிரவுசர் அதைத் தற்காலிகப் பெயரில் எழுதிக்கொண்டே போகும். குரோமில் அது 'சிஆர்டவுன்லோடு', ஃபயர்பாக்ஸில் 'பார்ட்'. எல்லாம் வந்து சேர்ந்த பிறகுதான் உண்மையான பெயர். நடுவில் சிக்னலோ கரண்டோ போனால் அரைகுறைக் கோப்பு அப்படியே கிடக்கும். சர்வர் அனுமதித்தால், 'இத்தனையாவது பைட்டிலிருந்து கொடு' என்று கேட்டு மீதியை வாங்கிக்கொள்ளலாம். இல்லையென்றால் முதலிலிருந்துதான்.

நான் மதிப்பெண்களை முதலில் பென்சிலில்தான் குறிப்பேன். கூட்டிச் சரிபார்த்த பிறகே பதிவேட்டில் மையால் ஏற்றுவேன். பிரவுசரும் அதைத்தான் செய்கிறது. முடியாததை முடிந்தது என்று காட்டாத அந்த நேர்மை எனக்குப் பிடித்திருக்கிறது.

இதை வைரஸ் என்று பயப்படுபவர்களும் இருக்கிறார்கள். பயம் வேண்டாம். டவுன்லோடு ஓடும்போது அதைத் தொடாதீர்கள். நின்றுபோய், இனித் தொடரப் போவதில்லை என்றால் தாராளமாக அழிக்கலாம்.

"இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு நம்மைவிடத் தெரியும் சார்" என்பார்கள். அழுத்தத் தெரியும், உள்ளே என்ன நடக்கிறது என்று தெரியாது. உதவித்தொகை, ஹால் டிக்கெட், கல்லூரிச் சேர்க்கை எல்லாமே கோப்பாகிவிட்ட காலத்தில், 6ஆம் வகுப்பிலேயே ஒரு பீரியட் இதற்கு ஒதுக்க வேண்டும் என்பது என் கருத்து. மூன்று கேள்விகள் போதும்: டவுன்லோடு முடிந்ததா? திறந்து பார்த்தாயா? கடைசிப் பக்கம் வரை இருக்கிறதா?

அந்தப் பெண் எங்கள் வீட்டில் உட்கார்ந்து சான்றிதழை மறுபடி இறக்கினாள். திறந்து, கடைசி வரி வரை படித்துப் பார்த்தாள். அன்றிரவே ஏற்றிவிட்டாள்.

பணியில் இருக்கும் ஆசிரியர்களே, நாளை உங்கள் வகுப்பில் ஐந்து நிமிடம் இதைச் சொல்வீர்களா?