இரண்டாவது சாவி எங்கே?

ஒட்டன்சத்திரத்தில் காய்கறி ஏற்றிக் கொடைக்கானலுக்கு வரும் நம் வணிகர்களுக்கு வண்டிதான் கைகால். இன்றைய வண்டிகள் பலவற்றின் சாவித் தலைக்குள் ஒரு சிறு சிப் உண்டு. அதற்கு பேட்டரி கிடையாது. சாவித் துவாரத்தைச் சுற்றிய கம்பிச்சுருளிலிருந்து மின்சாரம் பெற்று ரகசிய எண்ணைச் சொல்லும். எண் பொருந்தாவிட்டால் என்ஜின் ஓடாது. ஐரோப்பாவில் 1998 முதல் புதுக் கார்களுக்கு இது கட்டாயம்.

நல்ல காவல்தான். ஆனால் சாவி தொலைந்தால், பல் வெட்டினால் மட்டும் போதாது. கருவி வைத்துப் புதுச் சிப்பைப் பதிய வேண்டும். அதுவரை பெருமாள்மலையில் தக்காளி காத்திருக்குமா?

இரு சாவிகளையும் ஒரே வளையத்தில் கோத்து டிரைவரிடம் தருவது நம்மவர் வழக்கம். ஒன்றைக் கல்லாவில் பூட்டி வையுங்கள். வண்டி களவு போனால் இன்சூரன்ஸ்காரர் இரண்டையும் கேட்பார். பழைய வண்டி வாங்குவோர் தொலைந்த சாவியின் பதிவை அழிக்கச் சொல்லுங்கள்; இல்லையேல் கண்டெடுத்தவனுக்கும் வண்டி கிளம்பும்.