தேசாதிபதியின் தோட்டமும் அப்பாவின் அரை ஏக்கரும்

எங்கள் வீட்டு வளையில் ஒரு கவ்வாத்துக் கத்தி செருகியிருக்கிறது. 1977 கலவரத்தில் மலைநாட்டுத் தோட்டத்தில் எங்கள் லயத்துக்கு நெருப்பு வைத்தபோது அப்பா கையோடு எடுத்துவந்தது. கிளிநொச்சி பாரதிபுரத்தில் அரை ஏக்கர் பற்றைக்காட்டை வெட்டித் திறந்ததும் அதே கத்திதான். பிடியில் அவருடைய பெருவிரல் படும் இடம் குழிந்துபோயிருக்கிறது.

நான் பள்ளிக்கூடத்தில் வரலாறு படிப்பிக்கிறேன். தேசாதிபதி எட்வேர்ட் பார்ன்ஸ் பற்றிய பாடம் வரும்போதெல்லாம் அந்தக் கத்திதான் கண்ணுக்குள் நிற்கும். வாட்டர்லூ போரில் காயப்பட்ட தளபதி அவர். போர்க்களத்தில் உயர்ந்தவர்களுக்கு ஒரு தீவை ஆளக் கொடுப்பது அந்தக் காலத்து வழக்கம். அவருக்கு முன் ஆண்ட மெயிட்லண்ட், பிரவுன்றிக் எல்லோரும் அப்படி வந்தவர்கள்தான். பார்ன்ஸ் 1824 முதல் 1831 வரை இலங்கையை ஆண்டார். கொழும்பு - கண்டி வீதியை இராஜகாரிய ஊழியத்தில், கூலி கொடுக்காமல் சனங்களைப் பிடித்துப் போட்டார். கோப்பிக்கு ஏற்றுமதி வரியை நீக்கினார். கன்னொறுவையில் தானே தோட்டம் போட்டார். அவரைப் பார்த்து, அரச உத்தியோகத்தர்களும் பட்டாள அதிகாரிகளும் காணி எடுத்துத் தோட்டக்காரர் ஆனார்கள். நாட்டை ஆள வந்தவர்களுக்கு மலைக்காணி அவ்வளவு சுலபமாகக் கிடைத்தது.

அந்தக் கோப்பியை நட்டுப் பிடுங்க ஆட்கள் தமிழ்நாட்டிலிருந்து வந்தார்கள். மன்னார்க் கரையில் இறங்கி, வன்னிக் காட்டோரமாக மாத்தளை வரை நடந்தார்கள். வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் எத்தனை பேர் வழியில் விழுந்தார்கள் என்பதற்குச் சரியான கணக்கே இல்லை. 2023இல், அவர்கள் வந்த 200 ஆண்டு நினைவாக, தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு நடைபயணம் போனார்கள். நானும் ஒரு நாள் கூட நடந்தேன். தார் போட்ட வீதி, கையில் தண்ணீர்ப் போத்தல். அப்படியும் மத்தியானத்துக்குள் கால் கொப்பளித்துவிட்டது.

கொழும்புக் கோட்டையில் பார்ன்ஸுக்குச் சிலை இருக்கிறது. கறுவாத்தோட்டத்தில் அவர் பேரில் வீதி இருக்கிறது. அவர் போட்ட வீதி முடிகிற கண்டியில்தான் எங்கள் ஊரை ஊடறுத்துப் போகும் ஏ9 தொடங்குகிறது. அந்த வீதியோரக் குடியிருப்புகளில், மலைநாட்டிலிருந்து அடிபட்டு வந்த குடும்பங்கள் இன்னும் காணிப் பெர்மிட் இல்லாமல் இருக்கின்றன. பெர்மிட் இல்லையென்றால் வீட்டுத்திட்டத்தில் பேர் வராது, வங்கிக் கடன் கிடைக்காது, பிள்ளைக்குக் காணியை எழுதிக் கொடுக்கவும் முடியாது. 1948இல் எங்கள் சனங்களின் குடியுரிமையைப் பறித்தார்கள். அது திரும்பக் கிடைக்கப் பல பத்தாண்டுகள் ஆயின. காணிக்கும் அவ்வளவு காலம் காத்திருக்க எங்களால் ஏலாது.

நான் கேட்பது இதுதான். குடியிருப்பு குடியிருப்பாகக் காணிக் கச்சேரி வையுங்கள். கிணறு வெட்டி, தென்னை வைத்து, போரில் இடம்பெயர்ந்து போய்த் திரும்பவும் வந்து குடியிருப்பவரின் பேரில் காணியை எழுதுங்கள். நினைவுத்தூபிக்கு ஒதுக்கும் காசை முதலில் நில அளவைக்குக் கொடுங்கள். எங்கள் வளவில் அப்பா வைத்த தென்னை இப்போது கூரைக்கு மேலே காய்க்கிறது. குடியிருப்பை நிரூபிக்க வேறென்ன வேண்டும்?

அப்பா நாலு முறை விண்ணப்பம் போட்டார். நாலு பிரதியும் ஒரு பொலித்தீன் பைக்குள் இருக்கின்றன. கடைசிப் பிரதியில் கையெழுத்து நடுங்கியிருக்கிறது. ஐந்தாவதை, என் பேரில், போன கிழமை கொடுத்துவிட்டு வந்தேன்.