ஜீவாவை வேட்டிக் கதையோடு விட்டுவிடலாமா?



இந்த இதழ் உங்கள் கைக்கு வரும்போது பொங்கல் விடுமுறை முடிந்து, ஒரகடம் கம்பெனிகளில் ஷிப்டு மறுபடியும் தொடங்கியிருக்கும். ஜனவரி 18 கம்யூனிஸ்ட் தலைவர் தோழர் ப. ஜீவானந்தத்தின் நினைவு நாள். 1963இல் அந்த நாளில்தான் அவர் சென்னை அரசு பொது மருத்துவமனையில் காலமானார். அப்போது வயது ஐம்பத்தைந்து. கடைசி ஆண்டுகளில் அவர் குடியிருந்தது நம் தாம்பரத்தில், ஏழை எளியவர்கள் வாழ்ந்த குடிசைப் பகுதியில். படப்பையில் பஸ் ஏறி மண்ணிவாக்கம், முடிச்சூர் தாண்டினால் தாம்பரம். அவ்வளவு பக்கத்தில் வாழ்ந்த மனிதர். அதனால்தான் இந்த மாதம் அவருக்குச் சில பக்கங்கள் ஒதுக்குவது என்று முடிவு செய்து, வாசகர்களிடம் கட்டுரை கேட்டிருந்தோம்.

நிறையவே வந்தன. உள்ளன்போடு எழுதியிருந்தீர்கள். ஆனால் ஏறத்தாழ எல்லாமே ஒரே கதையைத்தான் சொல்லின. உங்களுக்கும் தெரிந்த கதைதான். முதலமைச்சர் காமராஜர் தாம்பரத்தில் ஒரு பள்ளிக்கூட விழாவுக்கு வருகிறார். வழியில் ஜீவாவையும் அழைத்துப் போகலாம் என்று குடிசை வாசலில் காரை நிறுத்துகிறார். துவைத்துப் போட்ட ஒரே வேட்டி காயும்வரை ஜீவா உள்ளே காத்திருக்கிறார். அரசு வீடு தருகிறேன் என்று காமராஜர் சொல்ல, இங்கே இருக்கிற எல்லோருக்கும் வீடு கிடைக்கும்போது எனக்கும் கொடுங்கள் என்கிறார் ஜீவா. பிறகு காமராஜர், ஜீவாவுக்குத் தெரியாமலேயே அவர் மனைவி பத்மாவதி அம்மாளுக்கு ஆசிரியை வேலை கிடைக்க ஏற்பாடு செய்தாராம்.

சொல்பவருக்குச் சொல்பவர் இந்தக் கதை கொஞ்சம் மாறும். சிலர் இதோடு இன்னொன்றையும் சேர்ப்பார்கள்: கட்சி நிதிப் பையைக் கையில் வைத்துக்கொண்டே பசியோடு நடந்து வந்தாராம், அதிலிருந்து ஒரு டீக்குக்கூட எடுக்கவில்லையாம். இவற்றை நான் மறுக்கவில்லை. ஜீவாவும் காமராஜரும் அப்படிப்பட்டவர்கள்தான். பொதுப்பணத்தைத் தொடுவோரைப் பார்த்துப் பார்த்துச் சலித்துப்போன மக்கள் இந்தக் கதைகளை ஆசையாகச் சொல்வதில் நியாயமும் இருக்கிறது. என் வருத்தம் வேறு. ஜீவா எதற்காக அந்தக் குடிசையில் இருந்தார் என்ற கேள்வி இந்தக் கதைகளுக்குள் எழுவதே இல்லை. எளிமையாக வாழ்ந்த நல்ல மனிதர் என்பதோடு அவர் முடிந்துபோகிறார். நாற்பதாண்டு அரசியல் ஒரு வேட்டிக்குள் சுருண்டுவிடுகிறது.

ஜீவா பிறந்தது 1907இல், பூதப்பாண்டியில். இன்று குமரி மாவட்டம், அன்று திருவிதாங்கூர் சமஸ்தானம். பெற்றோர் வைத்த பெயர் சொரிமுத்து. ஆதிக்கசாதிக் குடும்பம். தாழ்த்தப்பட்ட நண்பனைத் தெருவுக்குள் அழைத்து வந்ததில் வீட்டோடு பிணக்காகி, பள்ளிப் பருவத்திலேயே வெளியேறியவர். வைக்கம் போராட்டம், சுசீந்திரம் கோயில் தெருப் போராட்டம் என்று தொடங்கியது அவருடைய பொதுவாழ்வு. காரைக்குடிக்குப் பக்கத்தில் சிராவயலில் காந்தி பெயரில் ஆசிரமம் வைத்து நடத்தினார். 1927இல் காந்தி அந்த ஆசிரமத்துக்கே வந்து பார்த்தார். வர்ணாசிரமத்தைக் காந்தி ஆதரித்துப் பேசுவது சரியா என்று கடிதம் எழுதிக் கேட்ட இளைஞனைப் பார்க்கத்தான் அவர் வந்தார் என்பது எனக்கு முக்கியமாகத் தோன்றுகிறது. தலைவரை வணங்கிவிட்டு ஒதுங்குகிற வயது அது. ஜீவா கேள்வி கேட்டார்.

தனித்தமிழ் ஈடுபாட்டில் உயிரின்பன் என்று பெயர் மாற்றிக்கொண்டு, பல்லாவரத்தில் இருந்த மறைமலையடிகளைத் தேடி வந்ததும் அந்தக் காலத்தில்தான். அங்கிருந்து சுயமரியாதை இயக்கம், பெரியார், சிங்காரவேலர். மேடைக்கு மேடை பாட்டு எழுதினார். பெண் விடுதலைக்கென்றே ஒரு பாட்டுத் தொகுப்பு கொண்டுவந்தார்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும், ஒரு பத்திரிகைக்காரனாக எனக்கு இது மிகவும் பிடித்த பகுதி. பகத்சிங் 1931 மார்ச் 23 அன்று தூக்கிலிடப்பட்டார். லாகூர் சிறையில் அவர் எழுதிய ‘நான் நாத்திகன் ஏன்?’ என்ற கட்டுரையை 1930களின் நடுவில் ஜீவா தமிழாக்கினார். பெரியாரின் பதிப்பகம் அதைப் புத்தகமாக வெளியிட்டது. அரசாங்கம் சும்மா இருக்குமா? மொழிபெயர்த்த ஜீவாவும் வெளியீட்டாளரான பெரியாரின் அண்ணன் ஈ.வெ. கிருஷ்ணசாமியும் கைதானார்கள். ஜீவாவைக் கைவிலங்கு போட்டுத் தெருவில் நடத்திக் கூட்டிப்போனார்கள். பிற்காலத்தில் ஆங்கில மூலம் எளிதில் கிடைக்காத காலம் ஒன்று வந்தது. அப்போது ஜீவாவின் தமிழிலிருந்து ஆங்கிலத்துக்குத் திருப்பி மொழிபெயர்த்த பிரதி ஒன்றும் நாட்டில் உலவியது. பஞ்சாபில் பிறந்து லாகூரில் மாண்ட ஒருவனின் குரல், பூதப்பாண்டிக்காரர் ஒருவரின் தமிழ் வழியாக மறுபடி வடக்கே போய்ச் சேர்ந்திருக்கிறது. வேட்டிக் கதையை எழுதி அனுப்பிய யாரும் இதை எழுதவில்லை.

கம்யூனிஸ்ட் கட்சியை ஆங்கில அரசு 1934இல் தடை செய்திருந்தது. சமதர்மப் பிரசாரம் தொடர்ந்தால் சுயமரியாதை இயக்கத்தையே நசுக்கிவிடுவார்கள் என்று பெரியார் கருதினார். சாதி ஒழிப்பு வேலையாவது நிற்காமல் நடக்கட்டும் என்பது அவர் கணக்கு. சாதியையும் சுரண்டலையும் பிரித்துப் பார்க்க ஜீவா ஒப்பவில்லை. 1936இல் பாதைகள் பிரிந்தன. என்னைக் கேட்டால், அன்றைய நிலையில் இருவர் பக்கமும் நியாயம் இருந்தது. ஆனால் அந்தப் பிரிவால் தமிழ்நாடு இழந்தது கொஞ்சமல்ல. சாதிக்கு எதிரான குரலும் கூலிக்கான குரலும் ஒரே மேடையில் ஒலித்திருந்தால் என்னவாகியிருக்கும் என்று இன்றும் யோசிக்கத் தோன்றுகிறது.

1937இல் கம்யூனிஸ்டுகளின் ‘ஜனசக்தி’ பத்திரிகை வந்தது. ஜீவா ஆசிரியர். கட்சிப் பத்திரிகை என்றால் அறிக்கையும் தீர்மானமும்தான் என்று நினைப்பவர்கள் அந்த அச்சகத்தில் வளர்ந்தவர்களைப் பார்க்க வேண்டும். பள்ளிப் படிப்பைப் பாதியில் விட்டுச் சென்னை வந்த ஒரு சிறுவன் கட்சி அலுவலகத்தில் தங்கி, அச்சகத்தில் வேலை பார்த்து, ஜீவாவின் பேச்சைக் கேட்டுக் கேட்டே பாரதியைப் படித்தான். அவர்தான் எழுத்தாளர் ஜெயகாந்தன். பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரத்தின் பாடல்களுக்கும் அந்தப் பத்திரிகை இடம் கொடுத்தது. 1959இல் ‘தாமரை’ என்ற இலக்கிய இதழை ஜீவா தொடங்கினார். கி. ராஜநாராயணன், டி. செல்வராஜ் போன்றவர்கள் அதில் எழுதினார்கள். 1961இல் கலை இலக்கியப் பெருமன்றத்தை உருவாக்கினார். காரைக்குடி கம்பன் விழா மேடையிலும் ஏறிக் கம்பனைப் பேசினார். கடவுள் நம்பிக்கை இல்லாதவர் கம்பனைப் பேசலாமா என்று இரண்டு பக்கத்திலும் கேட்டார்கள். பழைய இலக்கியமும் உழைக்கும் மக்களின் சொத்துதான், அதை யாருக்கும் விட்டுக்கொடுக்கக் கூடாது என்பதே அவர் நிலை. அவர் மறைந்தபோது சுந்தர ராமசாமி எழுதிய அஞ்சலிக் கட்டுரையின் தலைப்பு ‘காற்றில் கலந்த பேரோசை’. அந்தத் தலைப்பே ஜீவாவின் குரலைச் சொல்லிவிடும்.

அவர் வாழ்ந்த உலகம் எத்தனை ஆபத்தானது என்று புரிய, கொஞ்சம் கடல் தாண்டிப் பார்ப்போம். இந்தோனேசியாவின் சுமத்ரா தீவில் மேடான் என்ற ஊர். நம்மவர்கள் புகையிலைத் தோட்டக் கூலிகளாகப் போய் இறங்கிய ஊர். 1884இல் கட்டிய மாரியம்மன் கோயில் இன்றும் அங்கே இருக்கிறது. அந்த ஊரில், ஜீவா பிறந்த அதே 1907இல், பட்டாக் இனக் குடும்பம் ஒன்றில் பிறந்தவர் அமீர் ஷரிஃபுத்தீன். சட்டம் படித்தவர், இலக்கியப் பிரியர், வாலிபத்தில் கிறிஸ்தவராக மாறியவர். ஜப்பானியர் ஆக்கிரமிப்பில் மரண தண்டனை விதிக்கப்பட்டு, விடுதலைத் தலைவர்கள் சுகர்னோவும் ஹட்டாவும் தலையிட்டதால் உயிர் தப்பினார். 1947இல் இந்தோனேசியாவின் பிரதமரானார். மறு ஆண்டே பதவியை விட்டு, நான் நெடுநாளாகக் கம்யூனிஸ்ட்தான் என்று வெளிப்படையாக அறிவித்தார். 1948 செப்டம்பரில் மடியூன் நகரில் எழுந்த கிளர்ச்சி அடக்கப்பட்டபோது பிடிபட்டார். அந்த டிசம்பர் 19 இரவு தன் நாட்டுப் படையாலேயே சுட்டுக் கொல்லப்பட்டார். சாகும்போது கையில் பைபிள் இருந்தது என்பார்கள். அடுத்த ஆண்டு மே மாதம், தஞ்சைப் பக்கத்திலிருந்து போய் மலாயாவில் தொழிற்சங்கத் தலைவராக இருந்த எஸ்.ஏ. கணபதியை ஆங்கிலேயர் கோலாலம்பூரில் தூக்கிலிட்டார்கள்.

அந்தக் காலத்தில்தான் சென்னை மாகாணத்திலும் கம்யூனிஸ்ட் கட்சி தடை செய்யப்பட்டது. ஜீவா தலைமறைவானார். பத்மாவதி அம்மாளை அவர் மணந்தது 1948இல். சாதி கடந்த திருமணம். அதற்கு முன்னர் மணந்த கண்ணம்மா, ஆதிதிராவிடத் தலைவர் குலசேகரதாஸின் மகள். பெண் குழந்தையைப் பெற்றுவிட்டு இளம் வயதிலேயே இறந்துபோனார். சாதி ஒழிப்பை மேடையில் மட்டும் பேசியவர் அல்லர் ஜீவா.

அமீரின் பெயரைச் சொல்வதே இந்தோனேசியாவில் சுகார்த்தோ ஆட்சியின் முப்பதாண்டுகளில் ஆபத்தாக இருந்தது. அங்கே பயமுறுத்தி மறக்கவைத்தார்கள். இங்கே ஜீவாவுக்குத் தடை ஏதும் இல்லை. மணிமண்டபம் கட்டினோம், தெருவுக்குப் பெயர் வைத்தோம், புகழ்ந்தோம். புகழ்ந்து புகழ்ந்தே அவர் சொன்னதை மறந்தோம். வீடு வேண்டாம் என்றவரை எல்லாக் கட்சி மேடையிலும் பாராட்டலாம், யாருக்கும் அதில் நட்டமில்லை. எல்லோருக்கும் வீடு எப்போது என்று அவர் கேட்டதைத் திருப்பிக் கேட்டால்தான் சங்கடம்.

அவரிடமும் அவர் கட்சியிடமும் குறை இல்லாமல் இல்லை. 1942இல் நாடே வெள்ளையனே வெளியேறு என்று எழுந்தபோது கட்சி விலகி நின்றது. 1948இல் நாடு தயாராகாத புரட்சிக்கு அவசரப்பட்டது. இரண்டுக்கும் கட்சி பிற்பாடு தானே வருந்தியது. 1952இல் வண்ணாரப்பேட்டையில் ஜீவாவைச் சட்டமன்றத்துக்கு அனுப்பிய மக்கள் 1957இலும் 1962இலும் அவரைத் தேர்ந்தெடுக்கவில்லை. திராவிட இயக்கத்தின் வளர்ச்சியை அவர் சரியாக எடைபோடவில்லை என்றே நினைக்கிறேன். இவற்றையும் சேர்த்துப் பேசினால்தான் அது ஜீவாவுக்குச் செய்யும் மரியாதை. குறையே இல்லாத மகானாக அவரை ஆக்கிவிட்டால் அவரோடு வாதாட முடியாது. வாதாட்டம்தான் அவருக்குப் பிடித்த வேலை.

விடியற்காலை ஐந்தரைக்குப் படப்பை பஸ் நிறுத்தத்துக்கு வந்து பாருங்கள். கழுத்தில் அடையாள அட்டையோடு பிள்ளைகள் கம்பெனி பஸ்ஸுக்குக் காத்து நிற்பார்கள். சில கம்பெனிகளில் நிரந்தரத் தொழிலாளிக்கு ஒரு நிற நாடா, கான்ட்ராக்ட் ஆளுக்கு வேறு நிறம். வேலை ஒன்று, சம்பளம் வேறு. ஒடிசா, பீகார் பிள்ளைகள் ஒரு ரூமுக்குள் முறைவைத்துத் தூங்குகிறார்கள். ஒருவன் ஷிப்டுக்குக் கிளம்பினால் அவன் பாயில் இன்னொருவன் படுக்கிறான். இங்கிருந்து அதிகத் தூரமில்லாத சுங்குவார்சத்திரத்தில், 2024 செப்டம்பரில், சங்கம் வைக்கும் உரிமைக்காகவே சாம்சங் தொழிலாளர்கள் ஒரு மாதத்துக்கும் மேலாக வேலைநிறுத்தம் செய்தார்கள். 2025 ஜனவரியில் சங்கம் பதிவானது. சங்கம் வைப்பதற்கே ஒரு வேலைநிறுத்தம் தேவைப்படுகிற காலத்தில், ஜீவாவின் பேச்சும் எழுத்தும் பழைய சரித்திரம் என்று எப்படி ஒதுக்க முடியும்?

ஆகவே இந்த இதழில் வேட்டிக் கதையை நாங்கள் போடவில்லை. எழுதி அனுப்பியவர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம். அதற்குப் பதிலாக, அடுத்த சில இதழ்களில் ஜீவா என்ற ஆசிரியரை, மொழிபெயர்ப்பாளரை, பாட்டுக்காரரை, தொழிற்சங்கக்காரரைப் பற்றி எழுதப்போகிறோம். இதற்கு உங்கள் உதவி வேண்டும். தாம்பரம், பல்லாவரம், குரோம்பேட்டை, முடிச்சூர், மணிமங்கலம் பக்கத்தில் எழுபது எழுபத்தைந்து வயதைத் தாண்டிய பெரியவர்கள் உங்கள் வீட்டில் இருப்பார்கள். சின்ன வயதில் ஜீவா பேசிய கூட்டத்துக்கு அப்பா தோளில் போனவர்கள், அதே குடிசைப் பகுதியில் குடியிருந்தவர்கள், பத்மாவதி அம்மாளிடம் படித்தவர்கள் இருக்கலாம். அவர்களிடம் உட்கார்ந்து கேளுங்கள். என்ன பேசினார், யார் கூட்டத்துக்கு வந்தார்கள், கேட்டவர்கள் என்ன சொன்னார்கள், எங்கே கூட்டம் நடந்தது என்பதை அவர்கள் சொல்கிற மொழியிலேயே எழுதியோ செல்போனில் பதிவு செய்தோ அனுப்புங்கள். பழைய ‘ஜனசக்தி’, ‘தாமரை’ இதழ்கள் பரணில் கிடந்தால் பழைய பேப்பர்காரரிடம் போடுவதற்கு முன்பு எங்களுக்கு ஒரு வார்த்தை சொல்லுங்கள். படி எடுத்துக்கொண்டு பத்திரமாகத் திருப்பித் தருகிறோம். பிப்ரவரி இதழுக்கு ஜனவரி கடைசிக்குள் வந்தால் போதும்.

அன்புடன்,
ஆசிரியர்