பறையும் டிரம்ஸும் ஒரே அறையில்

2018 ஜனவரி 6 அன்று கீழ்ப்பாக்கம் சி.எஸ்.ஐ. பெயின் பள்ளி மைதானத்தில் ‘தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ முதன்முதலாக மேடையேறியது. இயக்குநர் பா. இரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் ‘மெட்ராஸ் ரெக்கார்ட்ஸ்’ இசை நிறுவனத்தின் டென்மாவும் சேர்ந்து உருவாக்கிய குழு அது. அயோத்திதாசப் பண்டிதர் முன்வைத்த ‘சாதிபேதமற்ற தமிழர்’ என்ற அடையாளத்திலிருந்து பெயர் வந்தது. மொத்தம் 19 பேர். கானா பாடகர்களும் ராப் பாடகர்களும் முன்னால் நிற்க, பறை, கட்ட மோளம், சட்டி, டோலக் ஒரு பக்கம், எலெக்ட்ரிக் கிதார், பேஸ், டிரம்ஸ் மறுபக்கம் எனச் சென்னை மேடைகள் அதுவரை அதிகம் பார்த்திராத சேர்க்கை.

ஆல்பத்தை வெளியிட்டுவிட்டு ஊர் ஊராக வாசிக்கக் கிளம்புவது ராக் குழுக்களின் பழைய வழக்கம். சென்னையில் வரிசை பெரும்பாலும் தலைகீழ். ஆங்கிலத்தில் பாடும் ‘தி எஃப்16ஸ்’ 2012-இல் தொடங்கியது. அதன் முதல் முழு ஆல்பமான ‘டிரிகர்புங்க்டே’ 2016-இல்தான் வந்தது. நடுவில் கல்லூரி விழாக்களும் மதுக்கூட மேடைகளும் பாட்டுகளைச் செதுக்கின. காஸ்ட்லெஸ் கலெக்டிவுக்கும் மேடைதான் முந்தியது, பதிவு பிந்தியது. அதனால் ஸ்டூடியோவுக்குள் வரும்போதே பாட்டுக்கு ஒரு வடிவம் படிந்திருக்கும். எங்கே ஏறும், எங்கே மூச்சு விடும், எந்த இடத்தில் கூட்டம் சேர்ந்து பாடும் என்பதெல்லாம் தெரிந்த விஷயம். பதிவுப் பொறியாளர் அதைக் கெடுக்காமல் இருந்தாலே பாதி வேலை முடிந்தது.

கெடுவது எங்கே என்று பார்த்தால், முதல் இடம் கிளிக் டிராக். கானா பாடுபவர் சொல்லின் போக்கில் தாளத்தை இழுப்பார், உச்சத்தில் சற்று முடுக்குவார். காதில் ‘டிக் டிக்’ ஓடும்போது அந்த முடுக்கம் செத்துவிடும். குழுவை ஒன்றாக வாசிக்கவிட்டுப் பதிந்து, டெம்போ மேப்பைப் பிறகு மென்பொருளில் வரைவதே நல்லது. எடிட்டிங் வேலை கூடும் என்பது உண்மைதான். ஆனால் ஒவ்வொருவராக வரவழைத்து அடுக்கிய பதிவில், 19 பேர் ஒருவரையொருவர் கேட்டு வாசித்த இசையைப் பின்னால் எந்த பிளக்-இன்னாலும் வரவழைக்க முடியாது.

இரண்டாவது, தோல். பறையைத் தீயில் காய்ச்சித்தான் சுதி ஏற்றுவார்கள். ஏசி அறையில் சூடு ஆறத் தோல் தளரும்; மூன்றாவது டேக்கிலேயே ஓசை மந்தமாகிவிடும். ஸ்டூடியோவில் தீ மூட்ட முடியாது என்பதால் ஹீட்டரோ ஹேர் டிரையரோ கைவசம் வேண்டும். டேக்குகளுக்கு இடையே பறையைக் காய்ச்சுவதற்கு நேரம் ஒதுக்காத கால்ஷீட், கால்ஷீட்டே அல்ல. மைக்கைப் பறையின் முகத்துக்கு மிக நெருக்கி வைத்தால் குச்சியின் சுள்ளென்ற அடி மட்டும் விழும். மரச்சட்டத்தின் அதிர்வும் அறையின் நிறைவும் வராது. ஒரு மீட்டர் தள்ளி ஒரு மைக், அறைக்கென்று தனியாக ஒன்று என வைத்துக் கேட்டுப் பார்க்கலாம். ஒரு மைக்குக்கும் அதன் வாத்தியத்துக்கும் உள்ள தூரத்தைப்போல மூன்று மடங்கு தள்ளி அடுத்த மைக் இருக்க வேண்டும் என்ற பழைய விதி, இத்தனை பேர் கூடும் அறையில் அப்படியே செல்லாது. தடுப்புகளை நகர்த்திப் பார்ப்பதும், ஃபேஸைத் திருப்பிப் பார்ப்பதும்தான் வழி.

மூன்றாவது இடம் மிக்ஸிங். இங்கேதான் நம் ஊர்க் காது நம்மையே ஏமாற்றுகிறது. திரைப்பாட்டில் குரல் எல்லாவற்றுக்கும் மேலே, தனியாக, பளபளப்பாக நிற்கும். இசை அதற்குக் கம்பளம் விரிக்கும். அந்தப் பழக்கத்தில் ஒரு ராக் குழுவை மிக்ஸ் செய்தால், முன்னால் ஒரு பாடகரும் பின்னால் கூலிக்கு வந்தவர்களும் என்றுதான் கேட்கும். குழுவின் குரல் வாத்தியங்களுக்கு நடுவே இருக்க வேண்டும், சில இடங்களில் அவற்றோடு மல்லுக்கட்டவும் வேண்டும். பறையின் வெட்டும் ஸ்நேரின் வெட்டும் ஏறத்தாழ 2 முதல் 5 கிலோஹெர்ட்ஸ் வரையிலான அதே பரப்பில் மோதுகின்றன. டிஸ்டார்ஷன் போட்ட கிதாரும் அங்கேயே வந்து உட்காரும். ஈக்யூவில் வெட்டி வெட்டி இதைத் தீர்க்க முயல்பவர்கள் கடைசியில் மூன்றையுமே மெலிய வைக்கிறார்கள். பறை பேசும் அடியில் ஸ்நேர் ஒதுங்க வேண்டும், கிதார் ஒரு ஆக்டேவ் இறங்க வேண்டும். இது அரேஞ்ச்மென்டில் முடிக்க வேண்டிய வேலை.

தென் சென்னைப் புறநகரில் வீட்டு ஸ்டூடியோ வைத்திருப்பவர்களுக்கு இன்னொரு தலைவலி உண்டு. பொத்தேரி, காட்டாங்குளத்தூர், கூடுவாஞ்சேரிப் பக்கம் வாடகை அறையில் நுரைப் பலகை ஒட்டிப் பதிபவர்கள் பலர், எஸ்.ஆர்.எம். ‘மிலன்’ போன்ற விழாக்களில் வாசித்துப் பழகியவர்களும் அவர்களில் உண்டு. நுரைப் பலகை எதிரொலியைக் குறைக்கும், வெளிச்சத்தத்தை நிறுத்தாது. செங்கல்பட்டு மின்தொடர் போகும்போதும், ஜி.எஸ்.டி. சாலையில் கன்டெய்னர் லாரி ஏறும்போதும் தரை வழியாக வரும் உறுமல் கண்டென்சர் மைக்கில் விழுந்துவிடும். குரலுக்கும் கிதாருக்கும் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டிவிட்டுச் சமாளிக்கலாம். கிக் டிரம்முக்கும் கட்ட மோளத்துக்கும் உயிரே அங்கேதான் இருப்பதால் அந்தக் கத்தி உதவாது. தோல் வாத்தியங்களையும் டிரம்ஸையும் ஓரிரு நாள் நல்ல ஸ்டூடியோவில் முடித்துவிட்டு, பேஸை மைக் இல்லாமல் டி.ஐ. (டைரக்ட்) பெட்டி வழியாக நேரடியாக எடுத்து, குரலை வீட்டில் நிதானமாகப் பதிவதே கையில் உள்ள காசுக்குத் தோதான ஏற்பாடு.

மாஸ்டரிங் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. ஸ்பாட்டிஃபையும் யூடியூபும் மைனஸ் 14 எல்.யு.எஃப்.எஸ். அளவை ஒட்டிச் சத்தத்தைக் குறைத்துவிடும்போது, பறை அடியின் உச்சத்தை நசுக்கி உரக்கச் செய்வதில் லாபமில்லை.

ஆல்பம் வெளியாகும்முன் முடிக்க வேண்டிய காகித வேலையில்தான் பல குழுக்கள் கோட்டை விடுகின்றன. 2012 பதிப்புரிமைத் திருத்தத்துக்குப் பின், ஒலிப்பதிவில் இடம்பெறும் பாட்டுக்காகப் பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் உரிய ராயல்டிப் பங்கை, வாரிசுகளுக்கோ பதிப்புரிமைச் சங்கத்துக்கோ தவிர வேறு யாருக்கும் எழுதிக்கொடுக்க முடியாது. ஆனால் இசையமைத்தவர் யார்? பத்துப் பேர் ஒத்திகையில் உட்கார்ந்து உருட்டிய பாட்டில், அந்த அடியைக் கண்டுபிடித்த பறைக் கலைஞர் பெயர் படிவத்தில் இல்லையென்றால் நடைமுறையில் அவர் வாசித்தவராக மட்டுமே கருதப்படுவார். 2021 மார்ச்சில் வந்த ‘எஞ்சாயி எஞ்சாமி’ உலகெங்கும் ஓடியது. மூன்றாண்டு கழித்து, அதிலிருந்து தமக்கு ஒரு ரூபாய்கூட வரவில்லை என்று அதன் இசையமைப்பாளர் சந்தோஷ் நாராயணன் பொதுவெளியில் சொன்னார். அந்தத் தகராறின் நியாயம் எப்படியும் இருக்கட்டும். யாருக்கு எத்தனை விழுக்காடு என்ற ஸ்ப்ளிட் ஷீட்டில் ஒத்திகை நாளிலேயே கையெழுத்து வாங்கியிருக்க வேண்டும்.

வரவேற்பு இரு தடங்களில் போனது. காஸ்ட்லெஸ் கலெக்டிவைப் பற்றி ஏராளமாக எழுதப்பட்டது. இட ஒதுக்கீடு, மாட்டுக்கறி, வடசென்னை என்று பாட்டு எதைப் பேசுகிறது என்பதைச் சொன்னவர்கள் அதிகம். எப்படி ஒலிக்கிறது என்று கேட்டவர்கள் மிகக் குறைவு. தமிழில் ஆல்பம் விமர்சனம் என்ற வகை ஏறக்குறைய இல்லாததன் விளைவு இது. இன்னொரு பக்கம் சினிமா கைநீட்டியது. குழுவின் ராப் பாடகர் அறிவு 2018-இலேயே ‘காலா’வுக்குப் பாட்டு எழுதினார், 2019-இல் இசைத் தயாரிப்பாளர் ஆஃப்ரோவுடன் ‘தெருக்குரல்’ ஆல்பத்தையும் கொண்டுவந்தார். டென்மா ‘இரண்டாம் உலகப்போரின் கடைசி குண்டு’, ‘நட்சத்திரம் நகர்கிறது’ படங்களுக்கு இசையமைத்தார். குழுவின் கானா பாடகி இசைவாணி 2020-இல் பிபிசியின் 100 பெண்கள் பட்டியலில் இடம்பெற்றார். மேடையோ நின்றுவிடவில்லை, 2020 டிசம்பரில் நீலத்தின் ‘மார்கழியில் மக்களிசை’ விழா தொடங்கியது.

இசைவாணி பாடிய ‘ஐ அம் சாரி ஐயப்பா’ 2018-ஆம் ஆண்டுப் பாட்டு. 2024 நவம்பரில் அதன் துண்டு மீண்டும் சுற்றுக்கு வந்து காவல்துறைப் புகார் வரை போனது. அது ஐயப்பனைப் பற்றிய பாட்டு அல்ல, பெண்ணுரிமையைப் பற்றிய பாட்டு என்று நீலம் விளக்கம் தர வேண்டியிருந்தது. துண்டாகச் சுற்றும் ஒலியில் ஆண்டும் இருப்பதில்லை, எழுதியவர் பெயரும் இருப்பதில்லை. முழு வரிகள், பதிந்த தேதி, ஒவ்வொருவரின் பங்கு, ஒலிப்பதிவை அடையாளம் காட்டும் ஐ.எஸ்.ஆர்.சி. எண் ஆகியவற்றை மாஸ்டரோடு சேர்த்து அனுப்புவதும், தனித்தனித் தடங்களை இரண்டு இடங்களில் பத்திரப்படுத்துவதும் பொறியாளரின் கடைசி நாள் வேலையாக இருக்க வேண்டும்.