எல்லா கேமும் ஒன்றல்ல, வாப்பாமாரே



"ஃபோன் கேம் எல்லாம் ஒரே குப்பைதான், மொத்தமாகத் தடை போடுங்கள்" என்று ஊரில் ஒரு பேச்சு. இப்படி மொத்தமாகத் திட்டினால் உண்மையான கள்ளன் தப்பிவிடுவான்.

2009 டிசம்பரில் ஐபோனுக்கு அங்ரி பேர்ட்ஸ் வந்தபோது விலை 99 சதம், ஒரு டொலர் கூட இல்லை. ஒருமுறை கொடுத்தால் கணக்கு முடிந்தது. 2013இல் வந்த ஃப்ளாப்பி பேர்டை நினைவிருக்கிறதா? அதைச் செய்த வியட்நாம்காரர் டொங் நுயென், ஆட்கள் அடிமையாகிறார்கள் என்று 2014 பெப்ரவரியில் தானே எடுத்துவிட்டார். அவருக்கு இருந்த வெட்கம் இன்றைய கம்பனிகளுக்கு இல்லை.

சாட்சி வேண்டுமா? 2022இல் ரோவியோ கம்பனி பழைய அங்ரி பேர்ட்ஸைத் திரும்ப வெளியிட்டது. ஒருமுறை காசு, விளம்பரம் இல்லை. அடுத்த வருடமே அன்ட்ரொய்ட் கடையிலிருந்து அதை நீக்கியது. சொன்ன காரணம், தங்கள் மற்ற கேம்களை அது பாதிக்கிறதாம். ஒருமுறை காசோடு முடிகிற விளையாட்டு, முடிவில்லாமல் காசு கேட்கிற விளையாட்டுக்கு இடைஞ்சல். விஷயம் அவ்வளவுதான்.

இன்று எங்கள் பிள்ளைகள் ஃப்ரீ ஃபயரில் டயமண்ட் வாங்கிச் சக்கரம் சுழற்றுகிறார்கள். என்ன விழும் என்று தெரியாது, காசு மட்டும் போகும். காசு கட்டித் திறக்கும் இப்படியான அதிர்ஷ்டப் பெட்டிகளை 2018இல் பெல்ஜியம் சூதாட்டம் என்றே சொல்லிவிட்டது. மைஸிர் ஹராம் என்று சின்ன வயதிலிருந்து ஓதி வரும் நாங்கள், வாப்பாவின் ஃபோனிலேயே அது நடக்கும்போது "பிள்ளை சும்மா விளையாடுது" என்கிறோம்.

"ஃபோனையே கொடுக்காதீர்கள்" என்பவர்களுக்கு ஒன்று. கொரோனாவுக்குப் பிறகு வீட்டுப்பாடமே வாட்ஸ்அப்பில்தான் வருகிறது. ஃபோன் எப்படியும் பிள்ளை கைக்குப் போகும். தடை போட்டால் ஒளித்து விளையாடுவான்.

ஆகவே பிள்ளையின் பக்கத்தில் இருந்து கேமைத் திறந்து பாருங்கள். உள்ளே கடை இருக்கிறதா? சக்கரம், பெட்டி இருக்கிறதா? இருந்தால் அழியுங்கள். காசு கட்டும் ஒவ்வொரு முறையும் கடவுச்சொல் கேட்கும்படி ப்ளே ஸ்டோரில் வையுங்கள், அந்தச் சொல்லைப் பிள்ளைக்குச் சொல்லாதீர்கள். சும்மா விளையாட, நெட் இல்லாமலும் ஓடுகிற பழைய மாதிரிக் கேம் ஒன்றைப் போட்டுக் கொடுங்கள்.

பயானில் பேசும் மௌலவிமாரும் இந்த வித்தியாசத்தைப் பிரித்துச் சொன்னால் பிள்ளைகள் காது கொடுப்பார்கள்.