போக்கிமான் பண்டமாற்று: விதி இருக்கிறது, வாக்கு இருக்கிறதா?



‘போக்கிமான் கோ’ என்ற பெயரைக் கேட்டவுடன், “பிள்ளைகளின் படிப்பைக் கெடுக்கும் விளையாட்டு” என்று ஒரே வரியில் தீர்ப்பு எழுதிவிடுவோர் நம்மிடையே பலர். பெற்றோர் மட்டுமல்லர், ஆசிரியர்களாகிய நாமும் அப்படித்தான். அந்தத் தீர்ப்பு சரியா தவறா என்ற வழக்கை நான் இங்கு எடுக்கப் போவதில்லை. அந்த விளையாட்டுக்குள் நடக்கும் ஒரே ஒரு செயலை மட்டும் எடுத்துக்கொண்டு பேச விரும்புகிறேன். அதுதான் பண்டமாற்று. ஒரு பிள்ளை தன்னிடம் உள்ள போக்கிமானை இன்னொரு பிள்ளைக்குக் கொடுத்து, அதற்கு ஈடாக வேறொன்றைப் பெற்றுக்கொள்கிறது. பார்ப்பதற்குச் சிறிய கொடுக்கல் வாங்கல்தான். ஆனால், நன்னெறிக் கல்வி வேளையில் நாம் சொல்லித் தருபவை பலவும் அந்த இடத்தில்தான் சோதனைக்கு உள்ளாகின்றன.

பண்டமாற்றே இதன் உயிர்நாடி

போக்கிமான் 1996ஆம் ஆண்டில் ஜப்பானில் ‘கேம் பாய்’ என்னும் கையடக்கக் கருவிக்காக வெளிவந்தது. அதனை உருவாக்கிய சத்தோஷி தஜிரி, சிறுவயதில் பூச்சிகளைத் தேடிப் பிடித்துச் சேர்ப்பதில் பேரார்வம் கொண்டிருந்தவர். அவருடைய விளையாட்டு சிவப்பு, பச்சை என இரு பதிப்புகளாக விற்பனைக்கு வந்தது. சில உயிரினங்கள் சிவப்பில் மட்டுமே கிடைக்கும். வேறு சில பச்சையில் மட்டுமே கிடைக்கும். ஒருவன் தனியே இருந்து எவ்வளவுதான் முயன்றாலும் அவனுடைய தொகுப்பு நிறைவு பெறாது. நண்பனின் கருவியோடு கம்பி இணைத்து மாற்றிக்கொண்டால்தான் நிறைவு பெறும். ‘நீ தனியாக முழுமை பெற முடியாது’ என்பதே அந்த விளையாட்டின் அடிப்படைக் கருத்தாக இருந்தது.

நியாண்டிக் நிறுவனம் உருவாக்கிய ‘போக்கிமான் கோ’ 2016 ஜூலையில் வெளியாகி, அதே ஆண்டு ஆகஸ்டு 6ஆம் நாள் மலேசியாவுக்கு வந்தது. (2025இல் இது ஸ்கோப்லி நிறுவனத்தின் கைக்கு மாறியது.) கைத்தொலைபேசியை ஏந்திக்கொண்டு வீதிவீதியாக நடந்து உயிரினங்களைப் பிடிக்கும் விளையாட்டு இது. வியப்பு என்னவென்றால், முதல் இரண்டு ஆண்டுகள் இதில் பண்டமாற்றே இல்லை. 2018 ஜூன் மாதத்தில்தான் அது சேர்க்கப்பட்டது. சேர்க்கும்போது, கட்டற்ற சந்தையாக அது மாறிவிடாதபடி பல வேலிகளையும் போட்டே சேர்த்தார்கள். அந்த வேலிகளைப் பெற்றோரும் ஆசிரியரும் அறிந்திருப்பது நல்லது.

வேலிகள் எவை?

1. மாற்றிக்கொள்ளும் இருவரும் விளையாட்டுக்குள் நண்பர்களாகப் பதிவு செய்திருக்க வேண்டும். முன்பின் அறியாதவரோடு பண்டமாற்று இல்லை.

2. இருவரும் ஏறத்தாழ 100 மீட்டர் தொலைவுக்குள் இருக்க வேண்டும் என்பதே அடிப்படை விதி. சிறப்பு நிகழ்ச்சிகளின்போதும் நெடுநாள் நண்பர்களுக்கும் இதில் தளர்வுகள் தரப்பட்டதுண்டு. இருப்பினும், நம் பிள்ளைகளிடையே நடப்பது பெரும்பாலும் நேருக்கு நேரான பரிமாற்றமே.

3. ஒவ்வொரு பரிமாற்றத்திற்கும் ‘நட்சத்திரத் தூள்’ என்னும் விளையாட்டுச் செல்வத்தைச் செலுத்த வேண்டும். நட்பு முதிர முதிர விலை குறையும். 2018இல் வகுத்த பட்டியலின்படி, தன்னிடம் இல்லாத ஓர் அரிய ‘லெஜண்டரி’ வகையைப் பெறுவதற்குப் புதிய நண்பர்கள் செலுத்த வேண்டியது 1,000,000 தூள். 90 நாள் பழகிய உற்ற நண்பர்களுக்கோ 40,000 மட்டுமே.

4. ஒருமுறை கைமாறிய போக்கிமான் மறுமுறை கைமாறாது. வாங்கி விற்கும் தரகு வேலைக்கு இங்கு இடமில்லை. கொடுத்ததைத் திரும்பப் பெறவும் வழியில்லை.

5. அரிய வகைகளுக்கான ‘சிறப்புப் பரிமாற்றம்’ பொதுவாக ஒரு நாளைக்கு ஒன்றுதான். ‘மியூ’ போன்ற சில வகைகளை மாற்றவே இயலாது.

6. கைமாறியவுடன் அந்தப் போக்கிமானின் தாக்குதல், தற்காப்பு, உயிராற்றல் ஆகிய மூன்றின் உள்மதிப்புகளும் (ஒவ்வொன்றும் அதிக அளவு 15) புதிதாகக் குலுக்கிப் போடப்படும். நேற்று மூன்றிலும் 15 பெற்றிருந்தது, இன்று உன் கைக்கு வந்தபின் நோஞ்சானாகிவிடலாம். நோஞ்சானாக இருந்தது வீரனாகவும் ஆகலாம்.

இவற்றோடு ஒரு சுவையான செய்தியும் உண்டு. இரு போக்கிமான்களும் பிடிபட்ட இடங்களுக்கு இடையே தொலைவு மிகுந்தால் பரிசாகக் கிடைக்கும் ‘மிட்டாய்’ கூடும். 10 கிலோமீட்டருக்குள் என்றால் ஒன்று, அதற்கு மேல் 100 கிலோமீட்டர் வரை இரண்டு, அதனையும் தாண்டினால் மூன்று. தஞ்சோங் மாலிமில் பிடித்ததை சிலிம் ரிவரில் பிடித்ததோடு மாற்றினால் இரண்டு மிட்டாய்; ஈப்போவில் பிடித்ததோடு மாற்றினால் மூன்று! பாட்டி வீட்டுக்கு ஈப்போ சென்று திரும்பும் பிள்ளைக்குத் திங்கட்கிழமை மாலையில் திடீரென நண்பர்கள் பெருகுவதன் மருமம் இதுதான்.

விதி காவாத இடம்

இத்தனை வேலிகள் இருந்தும் பிள்ளைகள் அழுதுகொண்டு வருகிறார்கள். பள்ளிக்குள் மாணவர்கள் கைத்தொலைபேசி கொண்டுவரக் கூடாது என்பதால், பரிமாற்றம் நடப்பது மாலையில், திடலிலும் கடைத்தெருவிலும். முறையீடு மட்டும் மறுநாள் காலையில் வகுப்பறைக்கு வந்துவிடுகிறது. “ஐயா, அந்த அண்ணன் என்னை ஏமாத்திட்டாரு!” இந்த ஒரு வரிக்குள் மூன்று வேறுபட்ட வழக்குகள் ஒளிந்திருக்கின்றன. ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத அவற்றைப் பிரித்தறிவதே நம் வேலை.

முதலாவது, நற்பேற்றின் வழக்கு. பெற்ற போக்கிமான் குலுக்கலில் வலுவிழந்துவிட்டது. இதில் யாரும் யாரையும் ஏமாற்றவில்லை. என்ன வரும் என்பது கொடுத்தவனுக்கும் தெரியாது. தோல்வி வேறு, வஞ்சனை வேறு என்பதை ஒன்பது வயதுப் பிள்ளைக்கு விளக்க இதைவிட எளிய சான்று கிடைப்பது அரிது.

இரண்டாவது, அறியாமையின் வழக்கு. அண்ணனின் பழைய கணக்கில் விளையாடும் நான்காம் ஆண்டு மாணவனிடம் 2016இல் பிடித்த சாதாரணப் போக்கிமான்கள் கிடக்கும். அவன் கண்ணுக்கு அவை குப்பை. ஆனால், பரிமாற்றத்தின்போது இரண்டும் ‘லக்கி’ வகையாக மாறும் வாய்ப்பு, பிடித்து நெடுநாளான போக்கிமான்களுக்கே மிகுதி. லக்கி வகையை வலுப்படுத்தப் பாதித் தூள் போதும். இதனை அறிந்த பெரிய பிள்ளை, அறியாத சிறிய பிள்ளையிடம் இனிக்க இனிக்கப் பேசி அந்தப் பழையதை வாங்கிக்கொள்கிறான். ‘ஷைனி’ எனப்படும் நிறம் மாறிய அரிய வகையிலும் இதே கதைதான். திரையில் இருவரும் ‘உறுதி’ அழுத்தினார்கள், விதி மீறப்படவில்லை. ஆயினும், ஒருவன் விலை தெரிந்து அழுத்தினான், மற்றவன் தெரியாமல் அழுத்தினான். இருவருடைய ஒப்புதலும் ஒன்றாகுமா?

மூன்றாவது, வாக்கின் வழக்கு. என் பார்வையில் மிகக் கனமானது இதுவே. பரிமாற்றம் என்பது ஒன்றுக்கு ஒன்று. அரிய வகையோ நாளுக்கு ஒன்றுதான். “உன்னுடைய அந்த ஒன்றைக் கொடு, நான் இரண்டு தருகிறேன், இன்று ஒன்று, நாளை ஒன்று” என்று பேசி முடிக்கிறார்கள். இன்றைய பாதியை விளையாட்டு பதிவு செய்கிறது. நாளைய பாதி, கொடுத்த சொல்லில் மட்டுமே நிற்கிறது. மறுநாள் அந்த அண்ணன் திடலுக்கு வருவதில்லை. கொடுத்ததைத் திரும்பப் பெறவும் முடியாது. தொலைவை அளக்கத் தெரிந்த செயலிக்கு, நட்பின் நாளை எண்ணத் தெரிந்த செயலிக்கு, ஒருவன் வாக்குக் கொடுத்தான் என்பது தெரியாது. அது தெரிய வேண்டியவர்கள் நாம்.

நமக்குப் புதிதன்று

பணமின்றிப் பொருளைப் பொருளால் வாங்குவது நம் இனத்துக்கு ஈராயிரம் ஆண்டுப் பழக்கம். உமணர்கள் வண்டிகளில் உப்பேற்றிச் சென்று நெல்லுக்கு மாற்றியதைச் சங்க இலக்கியம் காட்டுகிறது. அவ்வளவு தொலைவு போவானேன்? தோட்டப்புறத்தில் வளர்ந்த என் தலைமுறை கோலிக்குண்டையும் அஞ்சல்தலையையும் ரப்பர் கொட்டையையும் மாற்றி விளையாடியதுதான். அங்கும் ஏமாற்று இருந்தது. ஆனால், ஏமாற்றியவன் அடுத்த லயத்தில்தான் இருப்பான். அவன் அம்மாவை நம் அம்மா குழாயடியில் பார்ப்பார். அந்த வெட்கமே அன்றைய வேலி.

பெரியவர்களுக்கும் அப்படித்தான். மளிகைக்கடையில் கடன் சொல்லி வாங்கியதெல்லாம் ‘555’ புத்தகம் என்னும் சின்னஞ்சிறு ஏட்டில் ஏறும். சம்பள நாளில் தீரும். அந்த ஏட்டை மதிப்புடையதாக்கியது சட்டமன்று. எழுதியவரும் எழுதப்பட்டவரும் நாளையும் ஒருவர் முகத்தில் ஒருவர் விழிக்க வேண்டும் என்ற உண்மையே அதற்கு மதிப்புத் தந்தது.

நூறு மீட்டர் விதியின் அருமை இங்குதான் விளங்குகிறது. அறிந்தோ அறியாமலோ, முகம் பார்க்கும் வணிகத்தை இந்த விளையாட்டு பிள்ளைகளுக்கு மீட்டுத் தந்திருக்கிறது. அந்த முகத்துக்குப் பின்னால் ஒரு மனச்சான்றை வைப்பது விளையாட்டு நிறுவனத்தின் வேலையன்று.

தடை போதுமா?

“கைத்தொலைபேசியைப் பிடுங்கிவிட்டால் சிக்கல் தீர்ந்தது” என்பார் சிலர். பள்ளி நேரத்தில் அது முற்றிலும் சரி. படுக்கையறையிலும் சரி. ஆனால், இதே பிள்ளைகள் இன்னும் பத்தாண்டில் இணையத்தில் பொருள் வாங்குவார்கள், மின்பணப்பையில் பணம் அனுப்புவார்கள், ஒப்பந்தங்களில் கையெழுத்திடுவார்கள். ‘முதலில் அனுப்பு, பிறகு தருகிறேன்’ என்ற குரலை அன்று அவர்கள் கேட்கத்தான் போகிறார்கள். ஒரு கற்பனை உயிரினத்தை இழந்து கற்கும் பாடம், ஒரு மாதச் சம்பளத்தை இழந்து கற்கும் பாடத்தைவிட மலிவானது.

ஒன்றில் மட்டும் விட்டுக்கொடுக்கவே கூடாது. அது ரிங்கிட் உள்ளே நுழைவது. கணக்கையோ போக்கிமானையோ பணத்துக்கு விற்பது அந்த விளையாட்டின் விதிகளுக்கே மாறானது. கணக்கு முடக்கப்படலாம். பணம் கொடுத்து ஏமாந்த பிள்ளைக்கு முறையிட இடமும் இராது. பண்டமாற்றில் பணம் புகுந்த நொடியில் அது விளையாட்டாக இல்லை.

என்ன செய்யலாம்?

பெற்றோர்களே, ஆசிரியர்களே, என் எளிய பரிந்துரைகள் இவை:

- பிள்ளையின் நண்பர் பட்டியலைப் பிள்ளையோடு உட்கார்ந்து பாருங்கள். நேரில் அறியாத பெயர் இருந்தால் யாரென்று கேளுங்கள்.
- அரிய வகையை மாற்றுவதற்கு முன் ஓர் இரவு பொறுத்திருக்கச் சொல்லுங்கள். மாற்றியபின் மீட்க முடியாது என்பதை நினைவூட்டுங்கள்.
- ‘இன்று ஒன்று, நாளை ஒன்று’ என்ற பேரத்தை எழுதி வைக்கச் சொல்லுங்கள். ஒரு 555 புத்தகம் வாங்கிக் கொடுத்தாலும் தவறில்லை!
- கணித வேளையில் கேளுங்கள்: 1,000,000 தூள் 40,000 ஆகக் குறைந்தால் எத்தனை விழுக்காடு தள்ளுபடி? 96 விழுக்காடு என்று விடை வந்ததும் அடுத்த வினா: 90 நாள் நட்புக்கு ஏன் இவ்வளவு மதிப்பு?
- பெரிய பிள்ளைகளிடம் தனியாகப் பேசுங்கள். “அவனுக்குத் தெரிந்திருந்தால் இதைக் கொடுத்திருப்பானா?” என்று மாற்றுமுன் தன்னையே கேட்டுக்கொள்ளும் பழக்கம் வந்துவிட்டால், அவனுக்கு வேறு நன்னெறிப் பாடம் அதிகம் தேவைப்படாது.

நம் ஊருக்கு இதில் தனிப் பொறுப்பு உண்டென்று கருதுகிறேன். 1922ஆம் ஆண்டில் சுல்தான் இட்ரிஸ் பயிற்சிக் கல்லூரி தோன்றியதிலிருந்து இன்று அது பல்கலைக்கழகமாக நிமிர்ந்து நிற்பது வரை, தஞ்சோங் மாலிம் ஆசிரியர்களை உருவாக்கும் ஊராகவே அறியப்படுகிறது. ஆசிரியர் பெருகிய ஊரில், மாலைத் திடலில் நடப்பதைக் கவனிக்க ஒருவரும் இல்லையென்றால் அது அழகாகாது. பிள்ளைகள் விளையாடட்டும், மாற்றிக்கொள்ளட்டும். எதை வேண்டுமானாலும் கொடுத்து எதை வேண்டுமானாலும் பெறட்டும். சொன்ன சொல்லை மட்டும் யாரிடமும் மாற்றிக்கொள்ள வேண்டாம் என்று சொல்லிக் கொடுப்போம்.

சிந்திப்போம்.