ஏலம் போடும் பாங்கியும் கடனாளியின் உரிமையும்

பாங்கியில் வீட்டையோ கடையையோ அடமானம் வைத்துக் கடன் வாங்கித் தவணை தவறியவர்களில் ஒரு சாரார், நோட்டீசு வந்தவுடன் "தலையெழுத்து" என்று மூலையில் உட்கார்ந்து விடுகிறார்கள். மற்றொரு சாரார் மேனேஜர் காலில் விழப் போகிறார்கள். இவ்விரண்டும் மானத்துக்கு ஏற்றதல்ல என்பதோடு, இவற்றால் வீடும் மிஞ்சுவதில்லை. கடன்பட்டவனுக்கும் சட்டத்தில் உரிமை உண்டு. ஆனால் அவ்வுரிமைக்கு ஒரு கெடு உண்டு. அந்தக் கெடு நியாயமானதுதானா என்பதே நமது கேள்வி.

2002-ம் ஆண்டு வந்த சர்பாசி சட்டத்தின்படி, அடமானச் சொத்தைக் கோர்ட்டுத் தீர்ப்பு இல்லாமலே பாங்கி கைப்பற்றி ஏலம் போடலாம். அதாவது வாதியும் பாங்கியே, நீதிபதியும் பாங்கியே, அமீனாவும் பாங்கியே! முன்சீப் கோர்ட்டு இதில் தலையிடவும் அச்சட்டம் தடை விதித்திருக்கிறது. ஆகவே அங்கே போய் நாளைக் கழிப்பதில் பயனில்லை.

இவ்வளவு அதிகாரம் கொடுத்த சட்டம் சில கட்டுகளையும் போட்டிருக்கிறது. முதலில் 60 நாள் நோட்டீசு கொடுக்க வேண்டும். அதற்குக் கடனாளி எழுத்து மூலம் ஆட்சேபித்தால், 15 நாளுக்குள் காரணங்காட்டிப் பாங்கி பதில் சொல்ல வேண்டும். விவசாய நிலத்தை இச்சட்டத்தின் கீழ் ஏலம் போட முடியாது. பாக்கி, அசலும் வட்டியும் சேர்ந்த தொகையில் 20 சதவீதத்துக்குக் குறைந்திருந்தாலும் முடியாது. சொத்தைக் கைப்பற்ற நடவடிக்கை எடுத்தால், 45 நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயத்தில் மனுப் போடலாம். சென்னை, கோயமுத்தூர், மதுரை ஆகிய ஊர்களில் இத்தீர்ப்பாயங்கள் இருக்கின்றன. பாங்கி முறை தவறியிருந்தால் சொத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லும் அதிகாரம் தீர்ப்பாயத்துக்கு உண்டு.

இந்த நிவாரணமும் எளிதில் வந்துவிடவில்லை. பாங்கி கேட்கும் தொகையில் 75 சதவீதத்தைக் கட்டினால்தான் மனுவை விசாரிப்போம் என்றது முதற்சட்டம். வீடு போகப் போகிறவனிடம் முக்கால் பங்குப் பணம் இருந்தால் அவன் ஏன் கோர்ட்டுக்கு வருகிறான்? 2004-ல் மார்டியா கெமிக்கல்ஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு அந்த ஷரத்தைச் செல்லாதென்று தள்ளியது.

நிற்க. ஒரு கையால் கொடுத்ததை மறு கையால் பிடுங்கிய கதையைக் கேளுங்கள். விற்பனைக்குக் குறித்த தேதிக்கு முன் எந்த நாளிலும் முழுப் பாக்கியைக் கட்டிச் சொத்தை மீட்கலாம் என்று முன்பு சட்டம் இருந்தது. 2016-ல் செய்த திருத்தம், ஏல விளம்பரம் வெளியாகும் வரைதான் அந்த உரிமை என்று சுருக்கிவிட்டது. 2023-ல் சுப்ரீம் கோர்ட்டும் அப்படியே பொருள் சொல்லித் தீர்த்தது. ஆனால் பத்திரிகையில் விளம்பரத்தைக் கண்ட பிறகுதானே மாமனும் மச்சானும் பதறி வந்து, நகையை விற்றாவது பணம் திரட்டுவார்கள்? முதல் ஏலத்துக்கு முன் 30 நாள் அவகாசம் விட்டு, அந்த 30 நாளும் மீட்கும் உரிமை இல்லை என்றால் அந்த அவகாசம் யாருக்காக?

அதே 2016-ல் வந்த திவால் சட்டத்தின்படி, ஒரு கம்பெனியின் மீது திவால் மனு ஏற்கப்பட்டால் அதன் சொத்தின்மேல் ஏல நடவடிக்கைகள் நிற்கின்றன. கம்பெனிக்கு மூச்சுவிட நேரம். குடியிருக்கும் வீட்டை அடகு வைத்தவனுக்குக் கழுத்தில் கெடு! இதற்குப் பெயர் சமநீதியா?

"பாங்கிப் பணம் பொதுஜனங்கள் போட்ட பணமல்லவா?" என்று சில கனவான்கள் கேட்பார்கள். ஆம், அதைத் திருப்பிக் கட்டத்தான் வேண்டும். கடனை ஏமாற்றச் சொல்வது நமது வேலையல்ல. ஆனால் ஏலத்துக்கு முன்தினம் அசல், வட்டி, செலவு அத்தனையும் கொண்டுவந்து கட்டுகிறவனால் எந்த டெப்பாசிட்காரருக்கு நஷ்டம்? பாங்கிக்கு வேண்டியது பணமா, வீடா?

ஆகவே மீட்கும் உரிமையை ஏல நாள் வரை திரும்பக் கொடுக்கும்படி சட்டத்தைத் திருத்த வேண்டும் என்பது நமது அபிப்பிராயம். அது வரும் வரை, தோழர்களே, நோட்டீசைப் பெட்டிக்கடியில் ஒளிக்காதீர்கள். வெட்கப்பட வேண்டியது கடன்பட்டதற்கல்ல, உரிமை இருந்தும் வாய் திறவாமல் இருப்பதற்கே. முதல் நோட்டீசு வந்த வாரமே ஆட்சேபணை எழுதுங்கள். 45 நாள் கெடுவைத் தவறவிடாதீர்கள்.